கடப்படியில் சொன்ன பொய்யும் உன் படத்தின் முடிவும்

அழைத்தால் எடுக்காத, அச்சில் வந்தால் மட்டும் தேடி வாசிக்கிற என் மகனுக்கு,

உன் போன் அடித்து ஓய்ந்த பிறகு ஒரு பெண் சிங்களத்திலும் தமிழிலும் ஆங்கிலத்திலும் நீ இல்லை என்று சொல்கிறாள். இந்த நாட்டில் மூன்று மொழிக்கும் ஒரே அளவு மரியாதை கொடுக்கிற ஒரே ஆள் அவள்தான். அவளை ஏன் உன் படத்தில் பேட்டி எடுக்காமல் விட்டாய் என்று தெரியவில்லை. நீ கொழும்பில் ஒரு குளிர் அறைக்குள் இருந்து படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டிருக்கிறாயாம், வெட்டும்போது போனை மூடி வைத்துவிடுவாயாம். உன் கமராக்காரப் பையன் சொன்னான். வெட்டுவதைப் பற்றித்தான் எனக்கும் பேச வேண்டியிருக்கிறது. அதனால்தான் மாதாமாதம் நான் ஊர்வம்பு எழுதி நிரப்புகிற இந்தப் பக்கத்தில் இந்த முறை உனக்குக் கடிதம் எழுதுகிறேன். உன் பெயரோ உன் வீட்டுப் பெயரோ எங்கே அச்சானாலும் அதை யாராவது படம் பிடித்து உடனே உனக்கு அனுப்பிவிடுவார்கள் என்பது எனக்குத் தெரியும். வாசகர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். இந்த மாதம் பக்கத்து வீட்டுக் கதை இல்லை, சொந்த வீட்டுக் கதை.

படத்தை வெளிநாட்டு விழாவுக்கு அனுப்பப் போகிறாய், அனுப்பினால் பிறகு ஒரு மயிரிழையும் மாற்ற ஏலாது, அடுத்த கிழமை நீயும் விமானம் ஏறிவிடுவாய். இதை நீ சொன்னதிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. குசினிக்குப் போகிறேன், எதற்குப் போனேன் என்று மறந்து திரும்பி வருகிறேன். சோற்றுக்கு உப்புப் போட்டேனா இல்லையா என்ற சந்தேகத்தில் இரண்டாம் முறையும் போட்டு, அன்றைக்கு உன் அப்பா முழுவதையும் சாப்பிட்டு எழும்பி ஒரு குடம் தண்ணீர் குடித்தார். பாவம் அவர். எங்கள் பக்கத்து வழக்கப்படி வீடு பெண்ணுக்குத்தான். மாப்பிள்ளை வந்து வாழ்கிறவர். இத்தனை வருடமாகியும் அவர் என் தாய் தந்த இந்த வீட்டில் நேற்று வந்த விருந்தாளி மாதிரி உப்பைக்கூடக் குறை சொல்வதில்லை. ஆனால் நான் கேற்றுக் கடப்படிக்கும் கிணற்றடிக்குமாக நடப்பதைப் பார்த்துவிட்டு, "என்ன கிறுகிக் கிறுகி நடக்கிறாய், முட்டைக் கோழி மாதிரி?" என்று கேட்டார். அதற்கு நான் கொடுத்த பதிலை அச்சில் போட ஏலாது.

கதை சுபைதாவைப் பற்றியது. சுபைதா என்பது அவளுடைய பெயர் இல்லை. அந்தப் பெயரை அவளே தெரிவு செய்தாள், எப்போது, எப்படி என்பதைப் பிறகு சொல்கிறேன். அவளுடைய ஊரும் என்னுடைய ஊரும் இந்த வாவிக்கரையில் பக்கத்துப் பக்கத்தில் இருக்கின்றன, நடுவில் ஒரு வண்டி போகிற அகலத்தில் ஒரு ஒழுங்கை. ஒழுங்கைக்கு அந்தப் பக்கம் பள்ளிவாசல் பாங்கு, இந்தப் பக்கம் கோயில் மணி. ஊர்ப் பெயர்களைச் சொல்ல மாட்டேன். ஒழுங்கை என்பது ஆறாகவும் இருக்கலாம். நான் இனித் தையல்காரி என்று சொல்லப் போகிறவள் பலசரக்குக் கடைக்காரியாகவும் இருக்கலாம். தம்பி என்று வருகிறவர் தம்பியாக இல்லாமலும் இருக்கலாம். இதை வாசித்துவிட்டு ஆள் பிடிக்கலாம் என்று கிளம்புகிறவர்களுக்குச் சொல்லிவைக்கிறேன்: இந்த வாவியைச் சுற்றி எனக்கு நூறு தோழிகள், தேர்தலில் தோற்ற தம்பிமார் அதைவிட அதிகம். எழுத்தில் இந்த வசதி இருக்கிறது, மகன். பத்திரிகையில் இருந்த காலத்தில் உனக்கும் இருந்தது. "பெயர் குறிப்பிட விரும்பாத ஒரு கடைக்காரர்" என்று நீ எழுதினால் அந்தக் கடைக்காரர் அடுத்த நாள் காலையில் நிம்மதியாகக் கடை திறந்தார். இப்போது நீ கமராவைத் தூக்கிவிட்டாய். கமராவுக்குப் பெயர் தெரியாது, முகம்தான் தெரியும்.

சின்ன வயதிலேயே நீ செய்தியாளன்தான். அம்மன் சடங்குக் காலத்தில் ஊரே மச்சம் மாமிசம் தொடாமல் இருந்தபோது, உன்னைக் கூட்டிக்கொண்டு டவுனுக்குப் போன அப்பா ஒரு கடையில் இறால் வடை தின்றார். நீ வந்து என்னிடம் சொல்லியிருந்தால் குடும்பச் செய்தியாகப் போயிருக்கும். நீ நேரே பூசாரியாரிடம் போனாய். "அப்பா ரெண்டு வடை தின்டவர். ரெண்டிலயும் இறால் இருந்திச்சு" என்று ஆதாரத்தோடு சொன்னாய். வாழ வந்த மனிசன், ஊராருக்கு முன்னால் தண்டமாகத் தேங்காய்க் குலையோடு போய் நின்றார். அன்று இரவு முழுக்க நீ என்னிடம் கேட்ட கேள்வி, "நான் சொன்னது உண்மைதானே அம்மா?" என்பதுதான். உண்மைதான் என்று சொல்லிவிட்டுச் சிரித்தேன். அப்போதே இன்னொன்றையும் சொல்லியிருக்க வேண்டும்: உண்மை உன்னுடையதாக இருக்கலாம், இறால் அப்பாவுடையது. நீ பெரிய ஆளாகிக் கொழும்புப் பத்திரிகைக்குப் போன பிறகு, என் மகன் உண்மை பேசுகிறவன் என்று அந்த வடைக் கதையைத்தான் நான் ஊரெல்லாம் பெருமையாகச் சொல்லித் திரிந்தேன். அதிலும் ஒன்றைக் கூட்டினேன். இரண்டு வடையை நான்காக்கினேன்.

இந்த நாட்டில் ஒரு மனிதன் தன்னை யாரென்று நினைக்கிறான் என்று படம் எடுக்கப் போகிறேன் என்று நீ வந்து நின்றாய். அந்தக் கேள்வி எனக்குப் பழகிய கேள்வி. உன்னைத் தோளில் போட்டுக்கொண்டு பஸ்ஸில் இருந்து இறங்கிச் சோதனைச் சாவடி வரிசையில் நின்ற நாட்களில் எல்லாம் அதைத்தான் கேட்டார்கள். அடையாள அட்டையைப் பார்ப்பார்கள், என்னைப் பார்ப்பார்கள், அட்டையில் இருக்கிற என்னைத்தான் நம்புவார்கள். நீ யார், எங்கே போகிறாய், ஏன் போகிறாய். அதே கேள்வியை என் வயிற்றில் பிறந்தவன் நல்ல கமராவோடு வந்து கேட்கிறான். கேட்கிறவன் நல்லவன் என்பதும், பதில் சொன்னால் தேத்தண்ணி கிடைக்கும் என்பதும்தான் வித்தியாசம். நீ பாசிக்குடாவில் ஹோட்டல் வேலைப் பையன்களைக் கேட்டாய், மாங்கேணியில் வலை இழுக்கிறவர்களைக் கேட்டாய். எல்லோரும் சுதந்திர தினப் பேச்சு மாதிரியே பேசுகிறார்கள் என்று தலையில் கை வைத்தபடி வீட்டுக்கு வந்தாய். "உங்கட கூட்டாளி ஒருத்தரக் கூப்பிடுங்க அம்மா. உங்களோட பகிடி கதைக்கிற மாதிரி ஒரு ஆள்" என்றாய். நான் சுபைதாவைக் கூப்பிட்டேன். அவளுடைய வீட்டில் எடுக்க வேண்டாம், பக்கத்திலேயே தம்பி இருக்கிறான், இங்கே வந்து எடுக்கட்டும் என்று ஏற்பாடு செய்தவளும் நான்தான். பார், அந்த அளவுக்கு யோசித்தவளுக்கு மிச்சத்தை யோசிக்கத் தெரியவில்லை.

அன்றைக்கு நடந்ததை வாசகர்களுக்காகச் சொல்கிறேன். நான் பட்டுச் சேலை கட்டி, முகத்துக்குப் பவுடர் அப்பி, கோயில் கலசம் மாதிரி மினுங்கிக்கொண்டு உட்கார்ந்தேன். காகம் கத்தினால் சத்தம் கெட்டுவிடும் என்று அப்பாவுக்கு முற்றத்தில் காகம் கலைக்கிற உத்தியோகம் கொடுத்தாய். அவர் வேலை பார்த்த காலத்தில்கூட அவ்வளவு சிரத்தையாக வேலை பார்க்கவில்லை. சுபைதா குடையை மூலையில் சாத்திவிட்டு வந்து பக்கத்தில் இருந்தாள். எங்கள் இருவர் உடுப்பிலும் வண்டு மாதிரி ஒரு சின்ன மைக்கைக் குத்தினாய். "நீங்க முதலில் யார்?" என்று கேட்டாய். நான் ஒற்றுமை என்றேன், ஒரே தாய் மக்கள் என்றேன், மறுபடியும் ஒற்றுமை என்றேன். சுபைதா என்னைவிடப் பெரிய ஆள். பல நிறப் பூக்கள், ஒரே மாலை என்று தொடங்கி, மாலை கட்டி முடியும்வரை நிறுத்தவில்லை. எங்கள் ஊர்ப் பெண்கள் எல்லோருடைய ரவிக்கை அளவும் அவள் நாக்கு நுனியில் இருக்கிறது. யாருக்கு இடுப்புப் பெருத்தது, யார் அதை ஒத்துக்கொள்ளாமல் பழைய அளவையே கொடுக்கிறாள் என்று தைத்துக்கொண்டே சொல்லி என்னைச் சிரிக்க வைப்பவள் அவள். அந்தச் சுபைதா கமராவுக்கு முன்னால் பள்ளிக்கூட அதிபராக மாறிவிட்டாள். நீ நன்றி சொல்லி எழும்பிவிட்டாய். உன் முகம் செத்துப்போயிருந்தது.

உனக்கு எங்கள் ஆட்களைத் தெரியாமல் போனது என் வளர்ப்பின் குறைதான். நாங்கள் வீட்டுக்குள் எந்த விஷயத்தைப் பேசியிருக்கிறோம்? உள்ளே இருக்கும்போது மீன் விலையும் மழையும் பேசுவோம். விஷயத்தைப் பேசுவது எழும்பி, செருப்புப் போட்டு, முற்றத்தைத் தாண்டி, கடப்படிக்கு வந்து, வாறன் என்று சொன்ன பிறகுதான். கேற்றில் ஒரு கையை வைத்துக்கொண்டுதான் கலியாணம் பேசுவோம், கலியாணத்தைக் குழப்புவோம், செத்தவருடைய உண்மையான குணத்தைச் சொல்வோம். உனக்குப் பேசிவந்த அந்தச் சம்பந்தத்தை வேண்டாம் என்று சொல்ல உன் அப்பாவின் தங்கச்சி வந்தபோது, உள்ளே இருந்து வட்டானப்பம் முழுவதையும் தின்று முடித்து, கடப்படியில் கேற்றைச் சாத்திக்கொண்டே, "அந்தப் புள்ள ஒண்ணாமாம் மச்சாள்" என்று சொல்லிவிட்டுப் போனாள். அப்படித்தான் அன்றைக்கு நானும் சுபைதாவைக் கொண்டுபோய் விடப் போனேன். இரண்டு பேருக்கும் மைக் ஞாபகம் இல்லை. நீ கிணற்றடியில் காதில் எதையோ மாட்டிக்கொண்டு நின்றது தெரிந்தது. கமராக்காரன் எங்கள் பக்கம் திரும்பியதும் தெரிந்தது. எதிர்த் தூணில் ஒட்டியிருந்த தேர்தல் நோட்டீசை ஒரு ஆடு எட்டி எட்டித் தின்றுகொண்டிருந்தது. ஆட்டை எடுக்கிறான் என்றுதான் நினைத்தேன்.

அது சுபைதாவின் தம்பியின் நோட்டீஸ். எங்கள் வட்டாரத்தைப் பிரித்தவர்கள் ஒழுங்கையைக் கவனிக்காமல் இரண்டு பக்கத்தையும் சேர்த்து ஒரே வட்டாரமாக்கிவிட்டார்கள். அதில் பிரதேச சபைக்கு அந்தப் பக்கத்தில் இருந்து அவளுடைய தம்பி நின்றார், இந்தப் பக்கத்தில் இருந்து எங்கள் ஊர்ப் பள்ளிக்கூட டீச்சர் நின்றார். டீச்சர் வென்றார், தம்பி கொஞ்ச வாக்கில் தோற்றார். "பாரு மச்சி, தம்பிட மூக்க ஆடு தின்னுட்டு" என்று சுபைதா சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்தி, கேற்றைப் பிடித்தபடி குரலை இறக்கினாள்.

"ஒண்டு சொல்லுவன். கபுறுக்குள்ள கொண்டு போகணும் நீ."

"நான் எரியிற சாதி கா. சாம்பலோட போயிரும், சொல்லு."

"பகிடி உடாத. நான் தம்பிக்குப் போடல்ல."

"என்னத்த?"

"வோட்டுப் புள்ளடிய. உங்கட டீச்சருக்குத்தான் போட்டன். தம்பி எண்டா எனக்கு உசிரு. கட்டாருல கெடந்து உழைச்சு இந்த ராத்தாக்கு ஊடு கட்டித் தந்தவன். ஆனா ஊடு கட்டுறவன் கான் வெட்டுவானா? எங்கட ஊத்தத் தண்ணிக் கான் எத்தின வருசமா நாறுது, அவன் மூக்கப் பொத்திக்கிட்டுப் போறான். அந்த மனிசி மெம்பராகாமலே சபைக்கு நடந்து நடந்து ஆளக் கூட்டி வந்து துப்பரவாக்கினா. அந்த அட்டைத் தடுப்புக்குள்ள நிண்டு நான் அழுதன் மச்சி. கை தம்பிட சின்னத்துக்குப் போகுது, மூக்கு டீச்சர்ட சின்னத்துக்குப் போகுது."

"மூக்கு வென்டிட்டு."

"ஓம், மூக்கு வென்டிட்டு. இப்ப அவன் யாரு போடல்ல எண்டு ஊடு ஊடாத் தேடுறான். என்ட ஊட்ட வந்து என்ட கையால தேத்தண்ணி குடிச்சிட்டுத் தேடுறான்." அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. முந்தானையால் துடைத்துக்கொண்டு கேட்டாள்: "நீ? நீ யாருக்குப் போட்டாய்?"

நான் சொன்னேன்: "உன்ட தம்பிக்குத்தான் கா. உன்ட முகத்துக்காக."

அவள் என்னைக் கட்டிப் பிடித்தாள். சிரித்தாள், அழுதாள், "அட விசர்ப் பொம்பிள, நான் அங்க போட்டன், நீ இங்க போட்டியா" என்று முதுகில் அடித்தாள். அதற்குப் பிறகு குடையை விரித்துக்கொண்டு ஒழுங்கையால் போனாள். உன் படத்தின் கடைசிக் காட்சி அதுதான் என்று நீ சொன்னாய். போனில் கத்தினாய். "அம்மா, இத்தின மாதமா நான் தேடினது உங்கட கேற்றடியில கிடந்திருக்கு. இங்கால இருந்து ஒரு புள்ளடி அங்கால போகுது, அங்கால இருந்து ஒண்டு இங்கால வருது. இதுதான் அம்மா இந்த நாடு." நானும் ஒரு நாள் முழுக்கக் கதாநாயகி மாதிரி நடந்து திரிந்தேன். கண்ணாடியில் என் பக்கவாட்டு முகத்தைக்கூடப் பார்த்தேன். அடுத்த நாள் உன் அப்பா காகம் கலைத்த அதே கையை வீசிக்கொண்டு வந்து ஒரே ஒரு கேள்வி கேட்டார். "அந்தப் புள்ளட தம்பியும் இந்தப் படத்தப் பாப்பான்தானே?"

அதற்குப் பிறகுதான் உனக்குப் போன் எடுத்தேன். அந்த இடத்தை எடுத்துவிடு என்றேன். அவ சம்மதம் தந்தவதானே என்றாய். அவள் சம்மதம் தந்தது பூமாலைக்கு, புள்ளடிக்கு இல்லை என்றேன். முகத்தை மங்கலாக்கிப் போடலாம் என்றாய். இந்த ஒழுங்கையில் அந்தக் குடையையும் அந்த நடையையும் தெரியாத நாய்கூட இல்லை என்றேன். அப்போது நீ, "அம்மா, அவ சொன்னது எவ்வளவு பெரிய விசயம் தெரியுமா? இத மறைச்சா மறுகா எல்லாரும் பூமாலை கதைதான் கதைப்பாங்க. உண்மைய எங்கயாவது ஒரு இடத்தில சொல்லத்தானே வேணும்" என்றாய். நீ சொன்னதில் நியாயம் இருந்தது. அதுதான் என்னைக் குத்தியது. உண்மை, உண்மை என்று நீ சொல்லச் சொல்ல நான் போனைக் காதில் இருந்து தள்ளிப் பிடித்தேன். பிறகு எடுக்கிறேன் என்று வைத்துவிட்டாய். இன்னும் எடுக்கவில்லை.

நான் சுபைதாவின் தம்பிக்குப் போடவில்லை, மகன். நானும் டீச்சருக்குத்தான் போட்டேன். டீச்சர் கான் வெட்டியதற்காகவும் இல்லை. டீச்சர் எங்கள் தாய்வழிக் குடி. எங்கள் ஆள், எங்கள் பக்கம், அவ்வளவுதான். அந்த அட்டைத் தடுப்புக்குள் போய், ஒரு கொட்டாவி விட்டு, கை பழகிய பக்கம் குறுக்கும் மறுக்குமாக இரண்டு கோடு கிழித்துவிட்டு வந்தேன். வெளியே வந்து சின்ன விரல் மையைப் பார்த்தபோது யோசித்தது, சந்தைக்குப் போவதா வீட்டுக்குப் போவதா என்பதைத்தான். அவளுடைய புள்ளடியும் என்னுடையதும் ஒரே கட்டத்துக்குள் விழுந்திருக்கின்றன. அவள் அழுது போட்டாள், நான் கொட்டாவி விட்டுப் போட்டேன். எண்ணுகிறவர்களுக்கு இரண்டும் ஒன்றுதான். கடப்படியில் அவள் அழுதுகொண்டு என் முகத்தைப் பார்த்தபோது, ஒற்றுமை ஒற்றுமை என்று அரை மணித்தியாலம் கமராவுக்குக் கத்தின வாயால், நான் எங்கட ஆளுக்குத்தான் போட்டன் என்று சொல்ல வரவில்லை. பொய் தானாக வந்துவிட்டது, விருந்தாளிக்கு இன்னும் கொஞ்சம் சோறு இருக்கிறது என்று சொல்வோமே, அதுபோல. நீ இந்த நாடு என்று சொல்லி அனுப்பப் போகிற காட்சியில் ஒரு பாதி அவளுடைய உயிர், மற்றப் பாதி என்னுடைய உபசாரம்.

இதைச் சொல்வதால் என்னைத் தைரியசாலி என்று நினைத்துவிடாதே. உண்மையைச் சொன்னால் எனக்கு ஒரு நட்டமும் இல்லை. என் ஊரில் எல்லோரும் டீச்சருக்குத்தான் போட்டார்கள். பொய் படத்தில் வந்தால்தான் எனக்கு ஆபத்து. சுபைதாவுக்கு நேர்மாறு. நான் இந்த வயதில் கண்டுபிடித்த ஒரு விஷயத்தை உனக்குச் சொல்கிறேன், நீ எனக்குப் பாடம் எடுப்பதற்கு முன்னால். பிறந்ததிலிருந்து எங்களைப் பார்த்து நீ யார், நீ யார் என்று எல்லோரும் கேட்டிருக்கிறார்கள். அட்டை பார்த்தவன் கேட்டான், வாடகைக்கு வீடு கொடுத்தவன் கேட்டான், பஸ்ஸில் பக்கத்தில் இருந்தவள் பெயரைக் கேட்கிற மாதிரிக் கேட்டாள். கேட்காத ஒரே இடம் அந்தப் பள்ளிக்கூட மேசையில் நிற்கிற அட்டைத் தடுப்பு. ஒரு காற்று அடித்தால் விழுந்துவிடும் அது. அதற்குப் பின்னால் நின்றுதான் சுபைதா தன் வாழ்க்கையில் முதல் தடவையாக ராத்தாவாக இல்லாமல், உம்மாவாக இல்லாமல், அந்த ஊர்க்காரியாக இல்லாமல், நாற்றம் தாங்க முடியாத ஒரு மனிசியாக மட்டும் இருந்திருக்கிறாள். உன் படம் தேடிய ஆள் அவள்தான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்தத் தடுப்பை எடுத்துவிட்டு அவளைக் காட்டினால், நாளைக்கு அவள் மறுபடியும் ராத்தா மட்டும்தான். அதுவும் தம்பிக்குத் துரோகம் செய்த ராத்தா.

நீ போன் எடுக்காததால் நான் அவளிடமே போனேன். தையல் மெஷினில் ஒரு பள்ளிக்கூடச் சட்டை ஓடிக்கொண்டிருந்தது. மைக்கைப் பற்றிச் சொன்னேன். அவளுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் கை தானாக நெஞ்சில் அந்த வண்டு இருந்த இடத்துக்குப் போனது. "அல்லாவே" என்றாள். நான் அவசரப்பட்டு, வெட்டச் சொல்லியிருக்கிறேன், வெட்டுவான், என் மகன் நல்லவன் என்று அடுக்கிக்கொண்டே போய், அந்த வேகத்தில் என் பொய்யையும் சொல்லிவிட்டேன்.

"தெரியும்டி" என்றாள்.

"என்ன தெரியும்?"

"நீ போடல்ல எண்டு. உன்ட முகத்துக்காக எண்டு சொன்னியே, அப்பவே தெரியும். என்ட முகத்துக்காக நீ ஒரு ரவிக்கை கூலியக்கூடக் கூட்டித் தந்ததில்ல."

நான் சிரித்தேன். அவளும் சிரித்தாள். "உன்ட மகனுக்குச் சொல்லு, என்ட பேச்ச வெட்டட்டும். உன்ட பொய்ய வேணுமெண்டா வச்சிக்கொள்ளட்டும். தம்பி பாத்தா உனக்குப் புரியாணி அனுப்புவான், உங்கட ஆக்கள் பாத்தா உன்ன ஒழுங்கைக்கு அங்கால தள்ளுவாங்க. நான் வந்து கூட்டிட்டுப் போறன்" என்றாள். இதை எழுதலாமா என்று கேட்டேன். "எழுது. என்ட பேர மாத்தி எழுது. உன்ட பேர மாத்தாம எழுது" என்று சொல்லி, தனக்குப் பெயரும் தேடினாள். சின்ன வயதில் வகுப்பில் எல்லோரையும்விட அழகாக இருந்த ஒருத்தியின் பெயராம். அதுதான் சுபைதா. இத்தனையும் சிரித்துச் சிரித்துத்தான் கதைத்தோம், அதனால் எல்லாம் சரி என்று நினைத்தேன். "ஆனா அந்த நேரம் அதக் கேக்கக்குள்ள நல்லாத்தான் இருந்திச்சு, பொய்யா இருந்தாலும்" என்று கடைசியாகச் சொன்னாள். என்னைப் பார்த்துச் சொல்லவில்லை, ஊசியைப் பார்த்துச் சொன்னாள்.

வாறன் கா என்று எழும்பினேன். "ம்" என்றாள், நூல் கோத்துக்கொண்டே. நான் செருப்புப் போட்டேன், மெதுவாகத்தான் போட்டேன். முற்றத்தைத் தாண்டினேன். கடப்படியில் நின்று, கேற்றில் கையை வைத்து, காலில் மண் ஒட்டியதுபோல் குனிந்து தட்டினேன். உள்ளே மெஷின் ஓடுகிற சத்தம் கேட்டது. அவள் வரவில்லை. மழைக்குள்ளும் குடையைப் பிடித்துக்கொண்டு கடப்படி வரை வருகிறவள் அவள். காய்ச்சலில் கிடந்தபோதுகூடச் சுவரைப் பிடித்துக்கொண்டு வந்தாள். எங்களுடைய இத்தனை வருடத்துக் கதைகளை எல்லாம் நாங்கள் எங்கே கதைத்தோம் என்று நினைக்கிறாய்?

படத்துக்கு முடிவு இல்லாமல் போகும் என்று உனக்குக் கவலை இருக்கும். என்னிடம் வா. எந்தச் சேலையைக் கட்டச் சொன்னாலும் கட்டிக்கொண்டு கமராவுக்கு முன்னால் இருந்து, நான் என் குடிக்குத்தான் போட்டேன், கொட்டாவி விட்டுக்கொண்டு போட்டேன், கூட்டாளிக்குப் பொய் சொன்னேன் என்று சொல்கிறேன். கைதட்டு வருமா என்று தெரியாது, ஆனால் அது என்னுடையது, என்னிடம் கேட்டு எடுக்கலாம். அவளுடையதை வெட்டிவிடு. வெட்டிப்போட்டு எனக்கு ஒரு சொல் சொல்லு, நீ வெட்டிவிட்டாய் என்று. நான் அதை அவளிடம் போய்ச் சொல்ல வேண்டும். அவளுடைய வீட்டுக்குப் போவதற்கு இப்போது எனக்கு ஒரு சாக்கு வேண்டியிருக்கிறது, மகன்.

உன் அம்மா